குளூட்டன் ஆகாதவர்களுக்கு எந்த அரிசி? கடையில் வாங்குவதிலிருந்து இலையில் விழும் வரை

எந்த அரிசி சாப்பிடலாம், எது கூடாது என்றுதான் எல்லாரும் முதலில் கேட்கிறார்கள். அதற்குப் பதில் ஒரே வரி: எந்த அரிசியும் சாப்பிடலாம். சம்பா, மட்டை, பொன்னி, பாஸ்மதி, கறுப்புக் கவுனி, பச்சை, புழுங்கல் எதிலும் கோதுமையில் இருக்கிற குளூட்டன் என்ற புரதம் கிடையாது. அப்புறம் எதற்கு இவ்வளவு நீளமாக எழுதுகிறேன் என்றால், என் தங்கை மகளுக்கு சீலியாக் நோய், அதாவது குளூட்டனால் சிறுகுடல் கெடும் நோய் என்று தெரிந்ததும் கோதுமையை வீட்டைவிட்டே விரட்டி மூன்று நேரமும் அரிசியாகவே கொடுத்தோம், ஆனாலும் நாலு மாதம் வயிற்றுப்போக்கு நிற்கவில்லை. எங்கே தப்பு என்று கண்டுபிடிக்கப் படாதபாடு பட்டோம். பிறகு எங்கள் குமரி மாவட்டத்தில் தக்கலை, கருங்கல் பக்கம் இரண்டு மூன்று குடும்பங்களுக்கு உதவப் போனபோது அவர்களும் அதே இடங்களில்தான் சறுக்கினார்கள். அதனால் எதை முதலில் செய்ய வேண்டும், எதை அடுத்து என்று வரிசையாகவே சொல்கிறேன்.

தொடங்கும் முன் கையில் இருக்க வேண்டியவை

புதிய மாவரிப்பு (சல்லடை) ஒன்று, ஒரு மிக்ஸி ஜார், தோசைக்கல், புட்டுக்குழல், இட்லித் துணி, மரக்கரண்டி, மூடி இறுகும் எவர்சில்வர் டப்பா நாலைந்து. சுளவு (முறம்) வீட்டில் இருக்கும், ஆனால் கோதுமை புடைத்த சுளவாக இருந்தால் அதுவும் புதிது.

காசைக் கரைக்கச் சொல்லவில்லை. அரிப்பின் வலைக்கண்ணிலும் மரக்கரண்டியின் கீறலிலும் ஏறிய கோதுமை மாவு எத்தனை முறை கழுவினாலும் முழுதாகப் போகாது. எவர்சில்வர், கண்ணாடி, பீங்கான் அப்படி இல்லை, சோப்புப் போட்டு நன்றாகத் தேய்த்தால் போதும்.

கூடவே ஒரு எண்ணை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்: 20. ஒரு கிலோ உணவில் குளூட்டன் 20 மில்லிகிராமுக்கு மேல் போகாமல் இருந்தால்தான் பாக்கெட்டில் 'குளூட்டன் இல்லாதது' என்று போடலாம் என்பது உலக அளவிலும் நம் நாட்டிலும் உள்ள விதி. மைதாவின் எடையில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு குளூட்டன். அப்படியானால் ஒரு கிலோ அரிசிமாவில் ஒரே ஒரு கிராம் மைதா கலந்தாலும் 100 மில்லிகிராம், அதாவது அனுமதித்ததைப்போல ஐந்து மடங்கு. ஒரு கிராம் மைதா அரை டீஸ்பூன்கூட வராது. கீழே சொல்லும் தொந்தரவுகளெல்லாம் இந்த அரை டீஸ்பூனைத் தடுக்கத்தான்.

1. பரிசோதனை முடியும்வரை கோதுமையை நிறுத்தாதீர்கள்

இது முதல் படி, இதில்தான் ரொம்பப் பேர் தலைகீழாகப் போகிறார்கள். போனில் எதையாவது படித்துவிட்டுக் கோதுமையை நிறுத்துவார்கள், ஒரு மாதத்தில் வயிறு கொஞ்சம் தேறும், அப்புறம் ஆஸ்பத்திரிக்குப் போய் ரத்தம் கொடுத்தால் ஒன்றுமில்லை என்று வரும்.

காரணம் எளிது. சீலியாக்கில் உடம்பின் நோய் எதிர்ப்பு சக்தி குளூட்டனைப் பார்த்துக் கிளம்பி, சிறுகுடலின் சொந்தச் சுவரையே அரிக்கிறது. டிடிஜி ஐஜிஏ என்ற ரத்தப் பரிசோதனை அந்த எதிர்ப்புப் புரதத்தைத்தான் தேடுகிறது, எண்டோஸ்கோபியில் எடுக்கும் சதைத்துணுக்கு குடல் சேதத்தைக் காட்டுகிறது. குளூட்டன் உள்ளே போகாவிட்டால் இரண்டும் மெதுவாகச் சரியாகிவிடும், பரிசோதனை ஏமாற்றும். பிறகு நோயை உறுதி செய்யவே பல வாரம் மறுபடியும் கோதுமை தின்ன வேண்டியிருக்கும். பிள்ளைகளுக்கு அது கொடுமை.

நம் ஊரில் இன்னொரு சிக்கல், தென்னிந்தியாவில் இந்த நோய் வடக்கைவிட மிக அரிது. 'நாங்க சோறுதானே திங்கோம்' என்று நாமும் அசட்டையாக இருப்போம். பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் பன், சாயங்காலம் பிஸ்கட், ஞாயிற்றுக்கிழமை பரோட்டா என்று பிள்ளை தின்பது கணக்கில் வராது.

வெறும் வாயு, ஏப்பத்துக்காக இவ்வளவு கெடுபிடியும் தேவையில்லை. டாக்டர் உறுதி செய்த பிறகு அடுத்த படிக்கு வாருங்கள்.

2. 'அரிசி' என்ற பெயரையும் 'சம்பா' என்ற பெயரையும் நம்பாதீர்கள்

குளூட்டன் இருப்பது கோதுமை, பார்லி, ரை ஆகிய மூன்று தானியங்களிலும் அவற்றிலிருந்து வரும் பொருட்களிலும். ஆனால் கடையில் பெயர்கள் குழப்பும்.

பார்லி அரிசி. பெயரில் அரிசி இருக்கிறது, பொருள் பார்லி. காய்ச்சல், நீர்க்கடுப்பு என்றால் உடனே பார்லித் தண்ணி போட்டுக் கொடுக்கும் பழக்கம் நமக்கு உண்டு. கூடாது.

சம்பா. நம் மாவட்டத்தில் சம்பா என்றால் சிவந்த புழுங்கலரிசி. பாக்கெட்டில் 'சம்பா ரவை' என்று இருந்தால் அது கோதுமை. ஒரு வீட்டில் இதை அரிசிக் குருணை என்று நினைத்து மூன்று வாரம் கஞ்சி காய்ச்சிக் கொடுத்திருக்கிறார்கள், அந்த அம்மாவைக் குறை சொல்லவே முடியாது.

ரவை, சேமியா, மைதா மூன்றும் கோதுமை. ரவை என்பது தனிச்செடியில் விளைவது என்று நம்புகிறவர்களை இன்றைக்கும் பார்க்கிறேன். அரிசி ரவை, அரிசிச் சேமியா என்று தனியாகக் கிடைக்கிறது, அதில் அரிசி மட்டும்தானா என்று பின்பக்கம் படிக்க வேண்டும்.

இதற்கு நேர்மாறாக, தேவையில்லாமல் பயப்படுவதும் உண்டு. ஒட்டரிசிக்கு ஆங்கிலப் பெயரில் குளூட்டன் மாதிரி ஒரு சொல் வருவதால் அதை ஒதுக்கிவிடுகிறார்கள். அது பிசுபிசுப்பது அதிலுள்ள அமைலோபெக்டின் என்ற மாவுச்சத்தால், குளூட்டனால் அல்ல. ஜவ்வரிசி மரச்சீனியில் (மரவள்ளி) இருந்து வருவது, மூங்கிலரிசி மூங்கிலின் விதை. இரண்டிலும் குளூட்டன் இல்லை. தினை, சாமை, ராகியிலும் இல்லை.

ஓட்ஸ் தனிக்கதை. அதில் இருப்பது வேறு புரதம், பலருக்கு ஒத்துக்கொள்ளும். ஆனால் சாதாரண ஓட்ஸில் கோதுமையும் பார்லியும் கலந்தே வரும். முதல் வருடம் தொடவே வேண்டாம் என்பது என் கட்சி.

3. அரிசி வாங்கும் முன் அடுக்களையைக் காலி செய்யுங்கள்

புது அரிசியைக் கொண்டுவந்து பழைய கோதுமை டின்னில் கொட்டியவர்களைப் பார்த்திருக்கிறேன், அதனால்தான் இது வாங்குவதற்கு முந்தின படி.

மேல்தட்டில் இருந்து கீழே வாருங்கள். மைதா பாக்கெட் மேலே இருந்தால் எடுக்கும்போது பொடி கீழே இருப்பதன்மேல் விழும். கோதுமை சாப்பிடுகிறவர்கள் வீட்டில் இருந்தால் அவர்கள் பொருள் எல்லாம் அடித்தட்டுக்குப் போக வேண்டும். சப்பாத்திப் பலகை, உருட்டுக்கட்டை, பழைய அரிப்பு மூன்றையும் ஒரு பையில் கட்டித் தனியே வையுங்கள். டப்பாக்களைக் கழுவி வெயிலில் காயவைத்து, எது யாருக்கு என்று மூடியில் எழுதி ஒட்டுங்கள். எங்கள் வீட்டில் சிவப்பு ரிப்பன் கட்டியது பிள்ளையுடையது, எழுத்து தெரியாத வயசாளிக்கும் புரியும்.

4. அரிசியை முழு மணியாக வாங்குங்கள்

முழு அரிசிமணியில் ஏதாவது கலந்திருந்தால் கண்ணுக்குத் தெரியும், கையால் பொறுக்கலாம், தண்ணீரில் கழுவலாம். மாவானபின் ஒன்றும் செய்ய முடியாது. இந்த ஒரு வித்தியாசம் புரிந்துவிட்டால் பாதி வழிகாட்டி முடிந்த மாதிரி.

தினச் சோற்றுக்கு என் முதல் தேர்வு சிவந்த சம்பாப் புழுங்கல். தவிடு ஓரளவு நிற்பதால் நார்ச்சத்து கூட, நெல்லை அவிக்கும்போது தவிட்டிலுள்ள பி வைட்டமின்களில் ஒரு பகுதி மணிக்குள் இறங்கிவிடுவதால் தீட்டினாலும் முழுதாகப் போவதில்லை. மட்டையும் அப்படியே. வயிறு புண்ணாக இருக்கும் முதல் சில வாரங்களுக்கு மட்டும் வெள்ளைப் பொன்னியோ பச்சரிசிக் கஞ்சியோ இதமாக இருக்கும்.

கும்பப்பூ என்ற நெல் பருவத்தின் அறுப்பு முடிந்து தெரிந்தவர் வயலில் இருந்து நெல்லாகவே கிடைத்தால் யோசிக்காமல் வாங்குங்கள். நாஞ்சில் நாட்டுப் பக்கம் சொந்தமோ பழக்கமோ இல்லாத குடும்பம் நம்மில் குறைவு. நெல் அவித்துக் குத்தும் மில்லில் பொதுவாக நெல்தான் ஓடும், மாவு மில்தான் ஆபத்து.

மளிகைக் கடையில் திறந்த சாக்கில் அள்ளிப் போடும் அரிசியைவிட மூட்டையாகக் கட்டி வருவது நல்லது. பக்கத்துச் சாக்கில் கோதுமை இருக்கும், இரண்டுக்கும் ஒரே அளவுபடி. ரேஷன் அரிசியிலும் இதே கதை, அரிசி நல்ல அரிசிதான், தராசுத் தட்டு ஒன்றே.

ரேஷன் அரிசியில் மஞ்சளாக, வேறு மாதிரி மணி கிடக்கிறது, அது கோதுமையா பிளாஸ்டிக்கா என்று கேட்காதவர்கள் இல்லை. இரண்டும் இல்லை. அரிசிமாவோடு இரும்புச்சத்து, ஃபோலிக் அமிலம், பி12 சேர்த்து அரிசி வடிவில் அச்சிட்ட மணி அது. நூறு அரிசிக்கு ஒன்று என்ற கணக்கில் கலந்திருப்பார்கள். நம் பிள்ளைகளுக்கு இந்த மூன்று சத்தும்தான் குறைவாக இருக்கும், பொறுக்கி எறிய வேண்டாம்.

அவல், பொரி வாங்கலாம். சிவப்பு அவல் ரொம்ப நல்லது. மசாலா போட்ட பொரி வேண்டாம், ஏன் என்று எட்டாம் படியில் வரும்.

5. புடைத்து, பொறுக்கி, மூன்று தண்ணீர் கழுவுங்கள்

சுளவில் ஒரு படி அரிசியைப் பரப்பி வெளிச்சத்தில் பாருங்கள். கோதுமைமணி அரிசியைவிடக் குண்டாக, நடுவில் நீளமாக ஒரு பள்ளத்தோடு இருக்கும். வெள்ளை அரிசியில் உடனே தெரியும், சம்பாவில் நிறம் ஒத்துப்போவதால் அந்தப் பள்ளத்தைத்தான் பார்க்க வேண்டும். பிறகு மூன்று தண்ணீர். மணிமேல் ஒட்டிய மாவுத்தூசி இதில் போய்விடும்.

உளுந்து, கடலைப்பருப்பு, சிறுபயறு எல்லாவற்றுக்கும் இதே வேலை. அரிசியில் கோதுமைமணி கிடைத்ததைவிட உளுந்திலும் பருப்பிலும்தான் எனக்கு அதிகம் கிடைத்திருக்கிறது.

6. மாவு: எல்லாரும் வழுக்கி விழும் இடம்

எங்கள் நாலு மாதக் கஷ்டத்துக்குக் காரணம் இதுதான். காலையில் புட்டு, ராத்திரி இடியப்பம், இரண்டுக்கும் மாவு மில்லில் அரைத்தது. அரிசி நம் அரிசி, பொறுக்கிக் கழுவி ஊறவைத்து எடுத்துப் போனது, அதனால் யாருக்கும் சந்தேகமே வரவில்லை.

ஒரு சனிக்கிழமை தங்கைக்கு முடியாமல் நான் மில்லுக்குப் போனேன். எனக்கு முன்னால் ஒருவருக்கு அரைபட்டுக்கொண்டிருந்தது. அது முடிந்ததும் மில்காரர் பெட்டியை இரண்டு தட்டு தட்டிவிட்டு, "அக்கா, கோதம்பு முடிஞ்சிது, உங்களுக்குப் போடட்டா?" என்றார். எனக்கு அப்போதும் உறைக்கவில்லை, போடச் சொன்னேன். துணிக்குழாய் வழியாக முதலில் விழுந்த மாவு லேசான பழுப்பு, அப்புறம்தான் வெள்ளையாக வந்தது. வீட்டில் வந்து அரித்துப் பார்த்தால் அரிப்பின்மேல் மீன்செதில் மாதிரி சின்னச் சின்னத் தவிட்டுச் சிம்புகள். தீட்டிய பச்சரிசியில் அப்படி ஒன்று வர வழியே இல்லை. அந்தச் சிம்பை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு தங்கையும் நானும் ஒருவரை ஒருவர் பார்த்ததை மறக்க மாட்டேன்.

மில்காரரைக் குற்றம் சொல்ல ஒன்றுமில்லை. கல்லிலும் பெட்டியிலும் குழாயிலும் தங்கும் மாவு அரை டீஸ்பூன் இல்லை, கைப்பிடிக் கணக்கு. 'எங்களுக்கு முன்னால் வேறு யாரோ அரிசி அரைத்தார்கள்' என்பதும் உத்தரவாதம் ஆகாது. 'வறுத்தால் போய்விடும்' என்பது இன்னொரு தப்பு, குளூட்டன் கிருமி இல்லை, புரதம். அடுப்புச் சூட்டில் சாகாது.

அதனால் வீட்டிலேயே மிக்ஸியில் அரைக்கிறோம். ஒரு கிலோ பச்சரிசியைக் கழுவி மூன்று மணி நேரம் ஊறவையுங்கள். தண்ணீரை வடித்து, சுத்தமான பருத்தித் துணியில் நிழலில் பரப்புங்கள். கையில் அள்ளினால் ஈரம் தெரிய வேண்டும், மணி கையில் ஒட்டக் கூடாது, அந்தப் பதத்தில் எடுக்க வேண்டும். ஈரம் கூடினால் மிக்ஸியில் அப்பிக்கொள்ளும், காய்ந்துவிட்டால் மாவு நறநறவென்று நிற்கும்.

ஜாரில் பாதிக்கு மேல் போடாதீர்கள். நிறையப் போட்டால் மோட்டாரும் சூடாகும், மாவும் சூடேறிக் கட்டி கட்டும். விட்டுவிட்டு ஓட்டி, புது அரிப்பில் அரித்து, மேலே நிற்கும் குருணையை அடுத்த ஈட்டோடு சேர்த்துப் போடுங்கள். புட்டுக்குக் கொஞ்சம் கரகரப்பாகவும் இடியப்பத்துக்கு நைசாகவும் வேண்டும், அரிப்பு இரண்டு இருந்தால் வசதி.

பிறகு அடி கனத்த பாத்திரத்தில் சின்னத் தீயில் வறுக்க வேண்டும். முதலில் ஆவி பறக்கும், மாவு கரண்டியில் ஒட்டும். ஆவி நின்று, மாவு மணல்போலச் சரிந்து, இரண்டு விரலால் எடுத்துத் தட்டில் கோடு இழுத்தால் கோலம் மாதிரி இழை அறுபடாமல் விழுகிறதா, அதுதான் பதம். புட்டுக்கு அதற்குச் சற்று முன்னாலேயே இறக்கலாம். நன்றாக ஆறியபின் டப்பாவில் அடையுங்கள், சூட்டோடு மூடினால் வேர்த்து மூன்றாம் நாள் நாறும்.

எங்கள் மிக்ஸியில் ஒரு கிலோவுக்கு வறுப்பதையும் சேர்த்து ஒன்றரை மணி நேரம் ஆகிறது. வேலைதான், இல்லை என்று சொல்ல மாட்டேன். முடியாதவர்கள் குளூட்டன் இல்லாதது என்று அச்சிட்ட பாக்கெட் மாவை வாங்குங்கள். வெறும் 'அரிசிமாவு' என்று மட்டும் போட்டிருந்தால் அது எந்த இயந்திரத்தில் ஓடியதோ, நம்பாதீர்கள். 'கோதுமை கையாளும் இடத்தில் தயாரானது' என்ற எச்சரிக்கை இருந்தால் அப்படியே திரும்ப வைத்துவிடுங்கள்.

இந்த ஒன்றை மாற்றிய ஆறாவது நாள் பிள்ளைக்கு வயிறு அடங்கியது.

7. இட்லி, தோசை, ஆப்ப மாவு

வீட்டுக் கிரைண்டரில் அரிசியும் உளுந்தும் மட்டும் அரைபட்டிருந்தால் பிரச்சினையே இல்லை. ஆனால் கிறிஸ்மஸுக்கு அல்வா கிண்ட அதே கிரைண்டரில் கோதுமை ஊறவைத்து ஆட்டியிருப்போம், யாருக்கும் நினைவிருக்காது. ஆட்டியிருந்தால் கல், குழவி, அடிப்பக்கம், மேல்பட்டை எல்லாம் கழற்றித் தூரிகையால் தேய்த்து, ஒரு கைப்பிடி அரிசி போட்டு ஆட்டி அந்த மாவைக் கொட்டிவிட்டுப் பயன்படுத்துங்கள்.

கடையில் பாக்கெட்டில் விற்கும் தோசைமாவு வேண்டாம். மொறுமொறுப்புக்காக ரவையோ மைதாவோ சேர்ப்பது உண்டு.

ஆப்பம் இன்னும் கவனம். பச்சரிசி, தேங்காய், ஒரு பிடி சோறு, ஈஸ்ட் என்றால் சரி, ரொட்டிக்குப் போடும் ஈஸ்டால் கெடுதல் இல்லை. கஞ்சியாகக் காய்ச்சி மாவில் சேர்ப்பதற்குச் சிலர் ரவையைப் போடுவார்கள், ஓரம் மெல்லிசாக விரியச் சிலர் மைதா கலப்பார்கள். சொந்தக்காரர் வீட்டில் ஆப்பம் வைத்தால் "அரிசி ஆப்பமா?" என்று கேட்காதீர்கள், எல்லாரும் ஆமாம் என்றுதான் சொல்வார்கள். "மாவுக்கு என்னென்ன போட்டீங்க மைனி?" என்று கேளுங்கள், அப்போதுதான் ரவை வெளியே வரும்.

8. காயமும் பொடிகளும்

அரிசி சரி, மாவு சரி, ஆனாலும் சாம்பார் சாதம் சாப்பிட்டால் வயிறு கேட்கிறது என்றால் காய டப்பாவைத் திருப்பிப் பாருங்கள். கடையில் விற்பது பெரும்பாலும் சுத்தப் பிசின் இல்லை, பிசினோடு மாவும் கருவேலம்பிசின் மாதிரிப் பசையும் சேர்த்த கூட்டுப் பெருங்காயம். அந்த மாவு பல தயாரிப்புகளில் கோதுமை அல்லது மைதா. கட்டிக் காயத்திலும் இதே கதைதான், கட்டி என்றால் சுத்தம் என்று நினைக்க வேண்டாம். அரிசிமாவு சேர்த்துச் செய்வதும் கிடைக்கிறது, தேடி வாங்குங்கள். கிடைக்கும்வரை பூண்டும் சீரகமும் நல்லமிளகும் தட்டிப் போட்டால் ரசத்துக்கு ஒரு குறையும் வராது.

காயம் போன இடமெல்லாம் கோதுமையும் போயிருக்கும்: சாம்பார்பொடி, ரசப்பொடி, ஊறுகாய், முறுக்கு, மிக்சர், மசாலாப் பொரி. சோயா சாஸ் வழக்கமாகக் கோதுமை சேர்த்துப் புளிக்கவைப்பது, அதனால் ஃபிரைடு ரைஸும் போச்சு. மால்ட் என்று எழுதியிருந்தால் பார்லி என்று படியுங்கள், பாலில் கலக்கும் சத்துப்பொடிகளில் அது சாதாரணம். மல்லி, மிளகாய், மஞ்சள் மூன்றும் வீட்டில் மிக்ஸியிலேயே பொடித்துக்கொள்ளுங்கள், மில்லுக்கு வேண்டாம்.

9. ஒரே அடுப்பில் இரண்டு சாப்பாடு

எல்லாரும் அரிசிக்கு மாறினால் எளிது. தாத்தாவுக்குச் சர்க்கரை, ராத்திரி சப்பாத்திதான் வேண்டும் என்றால் வரிசை முக்கியம்: பிள்ளையின் சாப்பாட்டை முதலில் செய்து மூடிவைத்த பிறகே கோதுமை மாவைத் திறக்க வேண்டும். மாவு காற்றில் பறந்து மெதுவாகப் படியும், பக்கத்தில் திறந்த சோற்றுப்பானை இருக்கக் கூடாது. கோதுமைப் புட்டுக்கும் அரிசிப் புட்டுக்கும் குழல் வேறு, சில்லு வேறு. பூரி பொரித்த எண்ணெயில் பப்படம் பொரிக்காதீர்கள்.

10. ஹோட்டல், கல்யாணம், பலகாரம்

ஹோட்டலில் தோசை அரிசிதானே என்று வாங்கிவிடாதீர்கள். சற்று முன்னால் அதே கல்லில் ரவாதோசையோ பரோட்டாவோ வெந்திருக்கும். வெறும் சோறும் தயிரும், ஓட்டோடு அவித்த முட்டை, அவித்த மரச்சீனி, ஏத்தம்பழம், இளநீர் இவை பயமில்லை. தேங்காய் அரைத்த நம்மூர் மீன்குழம்பில் பொதுவாக மாவும் காயமும் சேர்வதில்லை, கேட்டுவிட்டு வாங்கலாம். பொரித்த மீனில் மைதா தடவியிருக்கலாம். ஏத்தங்காய் சிப்ஸ் நல்லது, அந்த எண்ணெயில் பழம்பஜ்ஜியும் போடும் கடையாக இல்லாவிட்டால்.

கல்யாண வீட்டில் பருப்பு, நெய், அவியல் எல்லாம் கடந்து வந்து கடைசியில் இலையில் போளியைப் போட்டு அதன்மேல் பால்பாயசத்தை ஊற்றுவார்கள் பாருங்கள், அந்தப் போளி மைதா. போளி தொட்ட கையால் அடுத்த இலைக்கும் பரிமாறுவார்கள். முதல் பந்தியில் உட்கார்ந்து, பரிமாறுகிறவரிடம் "மக்ளே, எங்களுக்குப் போளி வேண்டாம், பாயசத்தை டம்ளரில் தா" என்று முன்னமே சொல்லிவிடுவோம். அடைப்பாயசம் என்றால் அந்த அடை அரிசியா மைதாவா என்று பாக்கெட்டைப் பார்க்காமல் சொல்ல முடியாது. சேமியாப் பாயசம் கூடவே கூடாது.

முந்திரிக்கொத்தும் அச்சுமுறுக்கும் பிள்ளைக்கு உயிர். கொத்தின் உள்ளே பயறும் சர்க்கரைப்பாகும் தேங்காயும், மேலே முக்கும் மாவு பழைய வழக்கப்படி அரிசி. இப்போது கடையில் மாவு பிரியாமல் ஒட்ட மைதா சேர்க்கிறார்கள். வீட்டரிசிமாவைக் கொஞ்சம் கெட்டியாகக் கரைத்து, மஞ்சள்பொடி ஒரு சிட்டிகை போட்டு முக்கினால் உதிராமல் வருகிறது. முதல் தடவை தண்ணியாகக் கரைத்து எண்ணெய்ச்சட்டி முழுக்கப் பயறாக மிதந்தது, அதையும் சொல்லிவிடுகிறேன்.

11. கத்தோலிக்கக் குடும்பங்களுக்கு: புதுநன்மை

இதை யாரும் யோசிப்பதில்லை, நாங்களும் பிள்ளை முதன்முதலாக நற்கருணை வாங்கும் புதுநன்மைக்கு ஒரு வாரம் முன்புதான் யோசித்தோம். நற்கருணை அப்பம் கோதுமை. அரிசியில் செய்து கொடுக்கலாமே என்றால் கத்தோலிக்கத் திருச்சபையில் அது செல்லாது. குளூட்டன் அறவே இல்லாத அப்பம் ஆகாது, மிகக் குறைந்த குளூட்டன் உள்ள அப்பம் ஆகும் என்று வத்திக்கான் 2017-லும் கடிதம் வழியாக நினைவூட்டியிருக்கிறது. இரண்டாவது வழி, அப்பத்தைத் தொடாமல் திராட்சை இரசத்தை மட்டும் பெற்றுக்கொள்வது.

முன்கூட்டியே பங்குத்தந்தையிடம் பேசுங்கள். பேசும்போது தனிக்கிண்ணம் கேட்க மறக்காதீர்கள், காரணம் திருப்பலியில் குருவானவர் அப்பத்தின் ஒரு துண்டைத் தம் கிண்ணத்து இரசத்தில் போடுவார். எங்கள் பங்கில் சின்னக் கிண்ணம் ஒன்றை வேறாக வைத்துக் கொடுத்தார்கள், ஒரு தடையும் சொல்லவில்லை.

12. அரிசியோடு நின்றுவிடாதீர்கள்

மூன்று வேளையும் வெள்ளரிசி என்று போனால் நார்ச்சத்து, இரும்பு, ஃபோலேட் குறையும், எடையும் சர்க்கரையும் ஏறலாம். அரிசி மண்ணிலும் நீரிலும் இருக்கும் ஆர்சனிக்கைக் கொஞ்சம் உறிஞ்சும் பயிர் என்பதும் ஒரு காரணம். நாம் செய்கிற மாதிரி நிறையத் தண்ணீரில் வேகவைத்து வடித்தால் அதில் ஒரு பகுதி போய்விடும், குக்கரில் வைப்பதைவிட இந்த வகையில் வடித்த சோறு மேல். கஞ்சித்தண்ணியோடு சில வைட்டமின்களும் போகும் என்பது இதன் மறுபக்கம், ஆகவே கீரையும் பயறும் மீனும் தினமும் வேண்டும். வாரத்தில் இரண்டு மூன்று நேரம் சோற்றுக்குப் பதிலாக மரச்சீனி, சீனிக்கிழங்கு, ராகி என்று மாற்றுங்கள். சிறுதானியத்தையும் முழு மணியாக வாங்கி வீட்டிலேயே பொடியுங்கள்.

13. இன்னும் சரியாகவில்லை என்றால்

முதலில் பாலை ஒரு மாதம் நிறுத்திப் பாருங்கள். குடல் சுவர் புண்ணாக இருக்கும்போது பாலின் சர்க்கரையைச் செரிக்கும் நொதி குறைந்திருக்கும். அந்தத் தொந்தரவை அரிசியின்மேல் போட்டு 'எனக்கு அரிசியும் ஆகாது' என்று முடிவுகட்டியவர் ஒருவரைத் தெரியும். குடல் ஆறினால் பலருக்குப் பால் மறுபடியும் ஒத்துக்கொள்ளும்.

அடுத்து ஒரு வாரம் வாயில் போன எல்லாவற்றையும் ஒரு நோட்டில் எழுதுங்கள், மாத்திரை, டானிக், பக்கத்து வீட்டில் கொடுத்த முறுக்குத்துண்டு உட்பட. எங்கள் அனுபவத்தில் குற்றவாளி மாவு, காயம், தோசைக்கல் இந்த மூன்றில் ஒன்றாகத்தான் இருக்கும், அந்த வரிசையிலேயே தேடுங்கள்.

ஆறு மாதத்தில் டிடிஜி பரிசோதனையைத் திரும்ப எடுக்கச் சொல்வார்கள். எண் இறங்க வேண்டும், உடனே பூச்சியமாகாது, பெரியவர்களுக்குக் குடல் முழுதாக ஆற ஒரு வருடத்துக்கு மேலும் ஆகும். அதே சமயத்தில் பெற்றோர், கூடப்பிறந்தவர்களுக்கும் எடுத்துவிடுங்கள், அவர்களில் பத்துப் பேரில் ஒருவருக்கு இருக்க வாய்ப்புண்டு, வெளியில் ஒரு அறிகுறியும் தெரியாமலே இருக்கும். எடுக்கும்வரை அவர்கள் கோதுமை சாப்பிட்டுக்கொண்டே இருக்க வேண்டும், முதல் படியில் சொன்ன அதே காரணம். தங்கை இரண்டு வருடமாக ரத்தசோகைக்கு மாத்திரை தின்றுகொண்டிருந்தாள். பரிசோதனையில் அவளுக்கும் இருந்தது. இப்போது வீட்டில் சிவப்பு ரிப்பன் கட்டிய டப்பாதான் அதிகம்.